மருதங்காடு என்கிற ஃபெர்ன் டிவிசன்

ஒக்டோபர் 17, வெள்ளி

இன்று விடியற்காலை கோயில் மேட்டில் இருந்தவர்களை முதலில் எழுதி வைக்கிறேன். நாளைக்கு இல்லாதவனும் இருந்தேன் என்பான், இருந்தவனும் பார்க்கவில்லை என்பான். இரண்டு வகை ஆட்களோடும் அறுபத்தொன்பது வயது வரைக்கும் பழகிவிட்டேன்.

நான், வீராயி. என் பேத்தி தர்சினி. என் நாத்தனார் அங்கம்மா, அவள் மகன் சிவபாலன். லயத்து வரிசை வீட்டில் கடைசி அறை முனியாண்டி. வேலைக்குப் போகிறவர்களின் பிள்ளைகளைப் பார்க்கிற பிள்ளைக் காம்பரா ஆயம்மா ரோசலின். கணக்கப்பிள்ளை துரைசிங்கம், குடையோடு. பூசாரி காளிமுத்து. இவ்வளவு பேர்தான். தோட்டத்தை நடத்துகிற துரை வரவில்லை, சின்ன துரையும் வரவில்லை, அவர்கள் மத்தியானம் வந்தார்கள்.

நாலு நாள் மழை. இன்று விடிவதற்கு முன்னால் சுவரில் ஏதோ முறிகிற மாதிரிச் சத்தம். என் மகன் மருதமுத்து எங்கள் இரண்டு பேரையும் எழுப்பிக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு கோயில் மேட்டில் விட்டான். தர்சினிக்குச் செருப்புகூட இல்லை. மாட்டை அவிழ்த்து விட்டு வருகிறேன் என்று சொல்லிவிட்டுத் திரும்ப இறங்கினான். டோச்சு வெளிச்சம் போவதைப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

பிறகு மலை இறங்கியது. எப்படி என்று எழுதத் தெரியவில்லை. மண் வந்த மாதிரி இல்லை, இருந்த இடமே நடந்து போன மாதிரி இருந்தது. புது வீடுகள் பதினொன்றில் மூன்றுதான் நிற்கிறது. எங்களுடையது இல்லை.

ஒக்டோபர் 18, சனி

தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் வைத்திருக்கிறார்கள். நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்த அதே பள்ளிக்கூடம். சோற்றுப் பார்சல் வந்தது, பருப்பு ஊசிப்போயிருந்தது, பிள்ளைகளுக்குக் கொடுக்க வேண்டாம் என்று சொன்னேன். நிவாரணப் பையில் சவர்க்காரம், பற்பசை, கொப்பி இருந்தன. கொப்பியை எடுத்துக்கொண்டேன். நேற்றையதையும் இன்றுதான் எழுதினேன்.

பாய் போதவில்லை என்று அங்கம்மாவைக் கொண்டுவந்து என் பக்கத்தில் போட்டிருக்கிறார்கள். நாங்கள் பேசி மூன்று வருசம். காரணம் இருக்கிறது. பீலிக் குழாய்த் தண்ணீருக்கு வரிசையில் நிற்கும்போது எல்லாப் பெண்களும் கேட்கும்படி சொன்னாள், லயத்தில் பிறந்த உன் மகன் லயத்தில்தான் சாவான், அவனுக்கு வீடு கேட்கத் துப்பில்லை என்று. சொன்னது ஒரு செவ்வாய்க்கிழமை. கையில் பச்சை வாளி வைத்திருந்தாள்.

அந்த வாரமே தோட்டத்தில் நிலம் கொடுக்கிறார்கள் என்று பேச்சு வந்தது. ஏழு பேர்ச், மருதங்காட்டில். தேயிலை எடுக்காத நிலம், அதனால்தான் தருகிறான் என்று மருதமுத்து இழுத்தான். “கால வச்சா தண்ணி ஊறுதும்மா, வேற எடம் தருவாங்களான்னு பாப்போம்” என்றான். கல்லைப் போட்டுக் கட்டு, ஊரில் எவன் சும்மா தருவான் என்று சொல்லி வெள்ளிக்கிழமையே அவனைக் கூட்டிப்போய்க் கையெழுத்துப் போட வைத்தேன். நின்ற மரங்களைத் தோட்டத்துக்காரர்கள் அறுத்து லொறியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். எங்களுக்கு ஒரு வாசல்படி கிடைத்தது. பத்தடிக் காம்பராவில் மூன்று தலைமுறை படுத்த குடும்பத்துக்குச் சொந்தமாக ஒரு வாசல்படி என்றால் என்ன என்பது அதில் படுத்தவர்களுக்குத்தான் தெரியும். பால் காய்ச்சினபோது அங்கம்மாவைக் கூப்பிடவில்லை.

இப்போது குறட்டை விடுகிறாள். லயம் விழாமல் நின்றுவிட்டது, மலை இன்னும் இறங்கலாம் என்றுதான் அவர்களையும் இங்கே கொண்டுவந்திருக்கிறார்கள். அவள் வீட்டில் ஒரு தகரம்கூடக் கழலவில்லை.

ஒக்டோபர் 19, ஞாயிறு

மாடு திரும்பி வந்துவிட்டது. மூன்றாம் நம்பர் மலையில் தேயிலைக்கு நடுவே நின்றதாம், முனியாண்டி ஓட்டி வந்தான். கழுத்தில் கயிறு இல்லை. அறுந்த துண்டும் இல்லை.

அப்படியென்றால் அவன் அவிழ்த்திருக்கிறான்.

ஒக்டோபர் 20, திங்கள்

தீபாவளி. யாரோ ஒரு கட்சிக்காரர் சேலை கொண்டுவந்து கொடுத்துப் படம் எடுத்துக்கொண்டார். எனக்குக் கொடுத்த சேலை மஞ்சள். அங்கம்மாவுக்குக் கொடுத்ததும் மஞ்சள்தான்.

இதுவரை நாலு பேரை மண்ணிலிருந்து எடுத்திருக்கிறார்கள். ஐந்து பேர் இன்னும் உள்ளே.

குவைத்திலிருந்து மருமகள் கோகிலவாணி போன் எடுத்தாள். நாலு வருசமாக அங்கே ஒரு வீட்டில் வேலை செய்கிறாள், அந்தச் சம்பளத்தில்தான் எங்கள் வீட்டுக்குத் தரை பூசினோம். தர்சினி போனை என் காதில் வைத்தாள். மருமகள் அழுகிறாளோ என்று பார்த்தேன், அழவில்லை. வீட்டுக்கார அம்மா பாஸ்போட்டை வைத்துக்கொண்டு தர மாட்டேன் என்கிறாளாம், எப்படியாவது வாங்கிக்கொண்டு வருவேன் என்றாள். பிறகு சொன்னாள்:

“அத்த, அவர எடுத்தாங்கன்னா நான் வர்ற வரைக்கும் வச்சிருங்க. மொகத்த பாக்காம மண்ணு போட்ராதீங்க.”

சரி என்றேன். வேறு என்ன சொல்வேன். முகம் என்று ஒன்று கிடைத்தால் போதும் என்று நினைத்தேன், அதைச் சொல்லவில்லை.

ஒக்டோபர் 21, செவ்வாய்

இன்று நானே இறங்கிப் போனேன். ராணுவத்துப் பையன்கள் வீடுகள் இருந்த பக்கம் தோண்டிக்கொண்டிருந்தார்கள். மாடு அவிழ்த்துவிட்டபடி வந்திருக்கிறது, அதனால் அவன் வீட்டில் இல்லை, மாட்டுக் கொட்டிலில்தான் இருந்திருக்கிறான் என்று அந்தப் பெரிய அதிகாரியிடம் சொன்னேன். சிவபாலன் சிங்களத்தில் எடுத்துச் சொன்னான். அதிகாரி நல்ல பிள்ளை, தொப்பியைக் கழற்றிக்கொண்டுதான் கேட்டான். கொட்டில் எங்கே என்றான்.

எனக்குத் தெரியாத இடமா. கோயில் மேட்டில் நின்று பார்த்தேன். கொய்யா மரம் இல்லை. ஓடை இல்லை, ஓடை வேறு பக்கம் போகிறது. சிவப்பாக ஒரே மண். ஆனாலும் கல்லுமலைப் பாறையையும் கொழுந்து நிறுக்கிற மடுவத்துத் தகரத்தையும் கண்ணால் கோடு பிடித்து இதுதான் என்று காட்டினேன். அந்தக் கோட்டில் முப்பது வருசம் கொழுந்துக் கூடையோடு இறங்கியிருக்கிறேன்.

பெக்கோ மெசினைக் கொண்டுவந்து சாயந்திரம் வரை தோண்டினார்கள். தண்ணித் தொட்டி வந்தது. பால் வாளி வந்தது, சப்பையாகி. தகரம் வந்தது. பிறகு தண்ணீர் வந்தது, தோண்டத் தோண்டத் தண்ணீர், கிணறு மாதிரி.

நான் காட்டியது சரியான இடம்தான். அவன் அங்கே இல்லை.

திரும்பி வந்தபோது அங்கம்மா என் காலில் இருந்த சேற்றைக் கழுவத் தண்ணீர் கொண்டுவந்து வைத்தாள். நான் கழுவிக்கொண்டேன். பேசவில்லை.

ஒக்டோபர் 22, புதன்

மழை. பெக்கோ வேலை செய்யவில்லை. தர்சினிக்குத் தலை பின்னிவிட்டேன்.

ஒக்டோபர் 23, வியாழன்

இன்று பல்கலைக்கழகத்துப் பிள்ளைகள் பாயும் போர்வையும் கொண்டுவந்தார்கள். கூட்டி வந்தவன் லோகேந்திரன், பக்கத்துத் தோட்டத்துச் சிலம்பன் கங்காணியின் பேரன், அங்கே படிப்பிக்கிறானாம். சிலம்பன், இங்கே கங்காணியாக இருந்தபோது, காலையில் பெயர் கூப்பிடுகிற பிரட்டுக்களத்தில் எல்லார் முன்னாலும் என் அப்பாவைத் துண்டைக் கழற்றி நிற்க வைத்த ஆள். அதைப் பேரன் கணக்கில் எழுதக்கூடாது என்று நினைத்துக்கொண்டேன். அமைதியான பிள்ளை. பாயை உதறி விரித்துக் கொடுத்தான். அம்மாயி என்று கூப்பிட்டான்.

தோட்டங்களின் பெயரைச் சேர்க்கிறதுதான் அவன் படிப்பாம். ஒவ்வொரு தோட்டத்துக்கும் இரண்டு பெயர் இருக்கிறது அல்லவா, துரைமார் எழுதி வைத்தது ஒன்று, நாங்கள் கூப்பிடுவது ஒன்று. முனியாண்டி வாய் திறந்தால் மூடமாட்டான். எங்கள் தோட்டத்துக்குத் துரை வைத்த பெயர் டல்ஃபெர்ன், அதில் மேல் டிவிசன் தாராக், நடு டிவிசன் பெய்த், கீழ் டிவிசன் ஃபெர்ன். நாங்கள் சொல்வது கல்லுமலை, வெள்ளைமேடு, மருதங்காடு. எல்லாம் ஒப்பித்தான்.

மருதங்காடு எப்படி வந்தது என்று என்னைக் கேட்டார்கள். என் மாமியார் சொன்னதைச் சொன்னேன். திருச்சிப் பக்கமிருந்து நடந்து வந்தவர்கள் இந்தக் கீழ்ச்சரிவில் ஏதோ மரங்கள் தண்ணீரில் கால் வைத்து நிற்பதைப் பார்த்தார்கள். இலை வேறு, பட்டை வேறு, மருதமே இல்லை. ஆனால் ஊரில் ஆற்றோரம் நிற்பது மருதம்தானே. அதனால் அதற்கும் மருதம் என்றே பெயர் வைத்துவிட்டார்கள். பிறகு பிள்ளைகளுக்கும் அதையே வைத்தார்கள். மருதாயி, மருதம்மா, மருதமுத்து. பிரட்டில் மருது என்று கூப்பிட்டால் ஆறு தலை திரும்பும் என்று முனியாண்டி சொன்னான், எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். வெள்ளிக்கிழமையிலிருந்து அதுதான் முதல் சிரிப்பு, எழுதி வைக்கிறேன்.

பிறகு நான் கேட்டேன். நான்தான் கேட்டேன்.

“நாங்க மருதங்காடுன்னு வச்சோம். தொரை என்னாத்துக்கு ஃபெர்ன்னு வச்சான்?”

“அது சும்மா ஒரு மரத்துப் பேரு, அம்மாயி. சாப்ட்டீங்களா?”

“மரத்துப் பேருன்னா எந்த மரம்?”

அவன் உடனே அதற்கு வரவில்லை. சுற்றிக்கொண்டு போனான். முதல் துரை இங்கிலீசுக்காரன் இல்லையாம். ஸ்கொட்லாந்து என்று மலைநாடு, அங்கே கேலிக் என்று ஒரு பழைய பாசை. அந்தப் பாசையில் எழுத்துகளுக்கே மரத்தின் பெயர்தானாம். நாம் அ ஆ என்கிற இடத்தில் அவர்கள் மரம் மரமாகச் சொல்வார்கள். ஊருக்கும் மரத்துப் பெயர், ஓடைக்கும் மரத்துப் பெயர், ஆளுக்கும் பரம்பரைக்கும்கூட மரத்துப் பெயர். தாராக் என்றால் ஓக்கு மரம், பெய்த் என்றால் வெள்ளைப் பட்டை உள்ள ஒரு மரம். இரண்டும் இங்கே முளைத்ததே இல்லை, இடத்தின் சாயலைப் பார்த்து வைத்துவிட்டுப் போயிருக்கிறான்.

“அப்ப அவனும் நம்ம ஆளு மாதிரித்தான்” என்றான் முனியாண்டி. “ஊரு நெனப்பு போகல அவனுக்கும்.”

“ஃபெர்னுக்குச் சொல்லு” என்றேன்.

“விடுங்க, அம்மாயி. அப்பறம் ஒரு நாள் வாரேன்.”

“நீ படிச்சவன். கெழவி கேட்டா சொல்லக் கூடாதா? எங்கப்பன ஒங்க தாத்தா நிறுத்தி வச்ச மாதிரி என்னையும் நிறுத்தி வைக்கிறியா?”

அவன் முகம் சுருங்கிவிட்டது. சொன்னான்.

“ஃபெர்னான்னு ஒரு மரம், அம்மாயி. எப்பவும் ஈரத்துலதான் நிக்கும். அது நிக்குதுன்னா அடியில தண்ணி இருக்குன்னு அர்த்தம்.”

 அவனே மேலே பேசினான், நிறுத்த முடியாதவன் மாதிரி. துரையும் நம் ஆட்களும் ஒருவரை ஒருவர் கேட்கவே இல்லை, இரண்டு பேருக்கும் இங்கே சொந்த மரம் இல்லை, ஆனாலும் ஒரே இடத்தைப் பார்த்து ஒரே அர்த்தத்தில் பெயர் வைத்திருக்கிறார்கள் என்றான். பழைய துரை அங்கே ஒரு லயம்கூடக் கட்டவில்லை, பாருங்கள் என்றான். அப்போது ஒரு கணம் அவன் முகத்தில் சந்தோசம் வந்தது. தேடின பொருள் கிடைத்தவன் சந்தோசம். நான் பார்த்தேன்.

அதற்குப் பிறகுதான் நான் யாருடைய அம்மா என்று அவனுக்கு நினைவு வந்தது. எழுந்து வெளியே போனான். மழையில் நின்றான். நிற்கட்டும் என்று விட்டேன்.

ஒக்டோபர் 24, வெள்ளி

 மாட்டுக்குப் புல் அறுத்துப் போட்டேன்.

ஒக்டோபர் 26, ஞாயிறு

இன்னும் இரண்டு பேர் கிடைத்தார்கள். பூசாரி காளிமுத்துவின் அண்ணன், அவர் பெண்சாதி. ஓடை புதிதாகத் திரும்பின இடத்தில். அடையாளம் சேலையை வைத்துத்தான்.

மருதமுத்து பிறந்தபோது என்ன பெயர் வைப்பது என்று நானும் அவன் அப்பாவும் சண்டை போட்டோம். அவருக்கு அவருடைய அப்பா பெயர் பழனியாண்டி என்று வைக்க ஆசை. நான்தான் மருதமுத்து என்று பிடித்தேன். அந்த வருசம் மரங்களில் கொத்துக் கொத்தாகப் பூ இருந்தது, கொழுந்துக்குப் போகும்போது வயிற்றைத் தள்ளிக்கொண்டு அதன் கீழே உட்கார்ந்து இளைப்பாறுவேன், காலுக்குக் கீழே சில்லென்று இருக்கும். அதனால் வைத்தேன். அதைத் தவிர வேறு காரணம் இல்லை.

நாற்பத்தாறு வருசம் அந்தப் பெயரைக் கூப்பிட்டிருக்கிறேன். சோறு தின்ன, தண்ணீர் எடுக்க, கையெழுத்துப் போட.

ஒக்டோபர் 27, திங்கள்

தேடுவதை நிறுத்திவிட்டார்கள். மேலே இன்னும் வெடிப்பு இருக்கிறதாம், பெக்கோ ஏற்றினால் அதையும் சேர்த்து இறக்கிவிடும் என்று அதிகாரி சொன்னான். தொப்பியைக் கழற்றிக்கொண்டுதான் சொன்னான். இன்னும் மூன்று பேர் உள்ளே. ஒன்று என்னுடையது.

நான் அழுது கெஞ்சவில்லை. அந்தப் பையனுக்கும் ஒரு அம்மா இருப்பாள், அவனை மண்ணுக்குள் இறங்கு என்று எப்படிச் சொல்வது. ஆனாலும் இன்னும் இரண்டு நாள் தேடச் சொல்லிக் கேட்டேன். ஒரு நாளாவது என்று கேட்டேன். மருமகள் வரும் வரைக்கும் என்று கேட்டேன். சிவபாலன் ஒவ்வொன்றையும் சிங்களத்தில் எடுத்துச் சொன்னான்.

முடியாது என்பதற்குச் சிங்களத்தில் என்ன என்று எனக்குத் தெரியும். தோட்டத்தில் பிறந்தவளுக்கு அந்த வார்த்தை எல்லாப் பாசையிலும் தெரியும்.

ஒக்டோபர் 29, புதன்

கோகிலவாணி வந்துவிட்டாள். பாஸ்போட்டை எப்படி வாங்கினாள் என்று சொல்லவில்லை, கையில் சூடுபட்ட தழும்பு இருக்கிறது, அது பழையது என்கிறாள். நேராகக் கோயில் மேட்டுக்குப் போய் நின்றாள். எந்தப் பக்கம் என்று கேட்டாள். காட்டினேன். மண்ணைப் பார்த்துக்கொண்டு நின்றாள், தேடுகிற மாதிரிகூட இல்லை, கடன் கேட்டுவிட்டு நிற்கிறவள் மாதிரி நின்றாள்.

பள்ளிக்கூடத்துக்கு வந்து தர்சினியை மடியில் படுக்க வைத்துக்கொண்டு, என்னைப் பார்க்காமலே சொன்னாள்:

“அந்த எடம் வேணாம்னு எங்கிட்டயும் போன்ல சொன்னாரு, அத்த.”

அடுப்பில் பால் பொங்கியது. இறக்கப் போனேன்.

நவம்பர் 1, சனி

காரியம் இன்று செய்தோம். உடம்பு இல்லாமல் பதினாறு பார்ப்பதா, எந்த நாளிலிருந்து எண்ணுவது என்று பெரியவர்கள் பேசிப் பேசி ஓயவில்லை. கடைசியில் பதினாறாம் நாள் என்று வைத்தார்கள். தர்ப்பையில் ஒரு உருவம் கட்டி, அவனுடைய சட்டை ஒன்றைப் போட்டார்கள். சட்டை ஏது என்று கேட்காதீர்கள், அங்கம்மாவிடம் இருந்தது. சிவபாலனுக்கு இரவல் கொடுத்தானாம். நாங்கள் பேசாத மூன்று வருசமும் அவர்கள் இரண்டு பேரும் சட்டை மாற்றிப் போட்டிருக்கிறார்கள், எங்கள் யாருக்கும் தெரியாது.

பூசாரி காளிமுத்து, பெற்றவள் மூன்று தரம் பெயரைச் சொல்லிக் கூப்பிட வேண்டும், அப்போதுதான் அவன் வந்து சேருவான் என்றார். எல்லாரும் விலகி வழிவிட்டார்கள். மழை விட்டிருந்தது. மருதங்காட்டுப் பக்கம் திரும்பி வாயைத் திறந்தேன்.

வரவில்லை. நாக்கு எழும்பவில்லை என்பது பொய்யாகிவிடும், நாக்கு எழும்பியது. அந்தப் பெயர் இனிமேல் என் மகன் பெயர் இல்லை. அடியில் தண்ணீர் இருக்கிறது, அடியில் தண்ணீர் இருக்கிறது என்று மூன்று தரம் கத்துவதா, எல்லாம் முடிந்த பிறகு, அந்த மண்ணைப் பார்த்து?

தம்பி என்று கூப்பிட்டேன். அது போதாது என்று பூசாரி முகத்தில் தெரிந்தது. கோகிலவாணி முன்னால் வந்து அவள் கூப்பிட்டாள். பெண்சாதி புருசன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

நவம்பர் 3, திங்கள்

லோகேந்திரன் திரும்ப வந்தான். இந்தத் தடவை தனியாக. மண் மூடின இடத்தை இனி ஒன்றும் செய்யப் போவதில்லையாம், அங்கே ஒரு கல் நடலாம், இரண்டு பெயரையும் போட்டு, கீழே உள்ளே கிடப்பவர்கள் பெயரையும் போடலாம் என்று எல்லாரிடமும் பேசினான். முனியாண்டி சரி என்றான். காளிமுத்து சரி என்றார். கோகிலவாணி, மூன்று பேர் பெயரும் பெரிதாக இருக்கட்டும் என்றாள். கடைசியில் என்னிடம் வந்து தரையில் உட்கார்ந்தான்.

“அன்னைக்கு நான் சொல்லியிருக்கக் கூடாது, அம்மாயி.”

“ஆமா” என்றேன்.

 தேநீர் கொடுக்கச் சொல்லி தர்சினியிடம் சொன்னேன். வந்த பிள்ளைக்குத் தேநீர் கொடுக்காமல் அனுப்புகிற குடும்பம் இல்லை எங்களுடையது. குடித்துவிட்டுப் போனான்.

அவன் போன பிறகு அங்கம்மா என்னிடம் பேசினாள். மூன்று வருசத்தில் முதல் பேச்சு.

“நீதானடி கேட்ட. அந்தப் புள்ள சொல்ல மாட்டேன்னுதான சொன்னிச்சு. அது மேல என்ன கோவம்?”

“ஒன் வேலையப் பாரு” என்றேன். ஆனாலும் பேசிவிட்டேன், அதை இனி எடுக்க முடியாது. அவள் பீலியடியில் சொன்னதை விட்டுவிட்டேன். பச்சை வாளியை மறக்க மாட்டேன், ஆனாலும் விட்டுவிட்டேன்.

உட்கார்ந்து ஒவ்வொருவராக நினைத்துப் பார்த்தேன். தோட்டத்துக்காரன் தேயிலை எடுக்காத நிலத்தைக் கொடுத்தான், அவன் என்றைக்கு நல்ல நிலம் கொடுத்தான். மரம் அறுத்தவன் கூலிக்கு அறுத்தான். அதிகாரி முடியாது என்றான், அவனுக்கு மேலே உள்ளவன் சொல்லியிருப்பான். மழை மேல் கோபப்பட முடியாது. சிலம்பன் கங்காணி செத்துப் பல வருசம். இவர்கள் எல்லாரையும் என்றைக்காவது மன்னித்தாலும் மன்னிப்பேன், மன்னிக்காவிட்டாலும் சாகும்போது மறந்து போகும்.

மலை இறங்கின பிறகும் ஆறு நாள் எனக்கு ஒரு மகன் இருந்தான். மண்ணுக்குள்தான், ஆனாலும் பெயரோடு இருந்தான். அது மழை, அது விதி, அது கடவுள் என்று நானும் அங்கம்மா மாதிரி குறட்டை விட்டுத் தூங்கியிருப்பேன். ஏழாம் நாள் ஒருத்தன் பாய் கொண்டுவந்து உதறிப் போட்டு, அம்மாயி என்று கூப்பிட்டு, அந்த இடம் அடியில் தண்ணீர் இருக்கிறது என்று எங்கள் எல்லாருக்கும் தெரிந்த பெயரிலேயே சொல்லிக்கொண்டு இருந்தது என்று எனக்குச் சொன்னான். சொல்லும்போது அவன் முகத்தில் அந்தச் சந்தோசம் இருந்தது. நான் கேட்டேன்தான். கிழவி கேட்டால் சொல்லிவிடுவதா. பொய் சொல்லத் தெரியாதா அவனுக்கு, அவ்வளவு படித்தவனுக்கு. ஒரு பூவின் பெயர், ஒரு பறவையின் பெயர், துரையின் பெண்சாதி பெயர் என்று ஏதாவது ஒன்றைச் சொல்லிவிட்டு எழுந்து போயிருக்கலாம்.

நல்ல பிள்ளைதான். கல்லும் நடுவான், அதில் எழுத்துப் பிழை இல்லாமல் என் மகன் பெயரும் இருக்கும்.

லோகேந்திரன். சிலம்பன் பேரன் லோகேந்திரன். அவனை நான் மன்னிக்க மாட்டேன்.